உதை வாங்காத போலீஸ்

மௌனப்பட நகைச்சுவை என்று பேச்செடுத்தாலே திரைப்படச் சங்கங்களிலும் சினிமாப் புத்தகங்களிலும் ஒரு பாராட்டுரை தயாராக இருக்கும். சாமானியன் அதிகாரத்தை எட்டி உதைத்த காலம் அது. தொப்பியும் தடியுமாக வந்தவன் எவனும் அடி வாங்காமல் திரையைவிட்டுப் போனதில்லை. போர் வந்து ஊரே விறைத்து நின்றபோதும் அந்தக் கோமாளிகள் யாருக்கும் பணியவில்லை. இதுதான் அந்த உரையின் சாரம். கீஸ்டோன் போலீஸில் தொடங்கி, சாப்ளினைத் தொட்டு, கீட்டனில் முடிப்பார்கள். கேட்கச் சுகமாகத்தான் இருக்கும். முதல் பாதியில் உண்மையும் உண்டு. போர்க்காலத்தைப் பற்றிய பின்பாதியை 1917, 1918 ஆண்டுகளின் அமெரிக்காவோடு ஒப்பிட்டுப் பார்த்தால் அது நிற்காது.

உண்மையாக இருப்பதை முதலிலேயே ஒப்புக்கொண்டுவிடலாம். மாக் சென்னட் 1912-ல் கீஸ்டோன் ஸ்டுடியோவைத் தொடங்கிச் சில மாதங்களுக்குள் ஒரு போலீஸ் பட்டாளம் திரையில் தடுக்கி விழ ஆரம்பித்துவிட்டது. பெரிய கோட்டு, பொருந்தாத தொப்பி, ஒரே வண்டியில் தொற்றிக்கொண்டு போகும் பத்துப் பேர். அசல் போலீஸாருக்கு இந்த மாதிரிப் படங்கள் எரிச்சலைத் தந்தன என்பதற்கு ஆதாரமே இருக்கிறது. கீஸ்டோன் பிறப்பதற்கு இரண்டு ஆண்டு முன்பே, 1910-ல், காவல்துறைத் தலைவர்களின் சங்கம் கூடி, சினிமா தங்களைக் காட்டும் விதத்தைக் கண்டித்துத் தீர்மானம் போட்டது. கேலிக்கு ஆளானவன் கோபப்பட்டிருக்கிறான் என்றால் அடி சரியான இடத்தில் விழுந்திருக்கிறது என்றுதானே பொருள்?

ஆனால் போர்க்காலத்தில் அமெரிக்கரின் கதவைத் தட்டியவர் பெரும்பாலும் அந்தத் தொப்பிக்காரர் இல்லை. அங்கேதான் பாராட்டுரை சறுக்குகிறது.

1917 ஏப்ரல் 6-ஆம் தேதி அமெரிக்கா முதல் உலகப் போரில் இறங்கியது. அதற்குச் சில வாரங்கள் முன்பே சிகாகோவில் விளம்பரத் தொழில் நடத்திவந்த ஆல்பர்ட் பிரிக்ஸ் என்பவர் நீதித்துறையிடம் ஒரு யோசனையோடு போனார். அத்துறையின் புலனாய்வுப் பிரிவில் இருந்தவர்கள் சில நூறு பேர். நாடோ பெரிது, ஜெர்மானிய வம்சாவளியினரோ பல லட்சம் பேர். சம்பளம் வாங்காத தொண்டர்களைத் திரட்டித் தருகிறேன் என்றார் பிரிக்ஸ். துறை தலையசைத்தது. அப்படிப் பிறந்ததுதான் அமெரிக்கன் புரொடெக்டிவ் லீக். போர் முடிவதற்குள் 600 நகரங்களில் இரண்டரை லட்சம் பேர் அதில் சேர்ந்துவிட்டார்கள். வங்கி அதிகாரிகள், வியாபாரிகள், வக்கீல்கள், இன்ஷூரன்ஸ்காரர்கள், ஓட்டல் நிர்வாகிகள் என்று ஊரில் நாலு பேருக்குத் தெரிந்த, நல்ல கோட்டு போட்ட மனிதர்கள். அண்டை வீட்டுக்காரர் என்ன பேசினார், போர்க்கடன் பத்திரம் வாங்கினாரா, ஆள்சேர்ப்புப் பதிவில் பெயர் கொடுத்தாரா என்று விசாரித்து அறிக்கை எழுதுவது அவர்கள் வேலை. கைது செய்யும் அதிகாரம் சட்டப்படி அவர்களுக்குக் கிடையாது. அது அவர்களைத் தடுக்கவும் இல்லை.

அவர்களுக்குச் சீருடை கிடையாது. இருந்ததெல்லாம் ஒரு பேட்ஜ். சந்தா கட்டினால் கிடைக்கும். முதலில் அதில் ரகசியப் போலீஸ் பிரிவு என்ற பொருள்பட வாசகம் பொறித்திருந்தார்கள். அசல் ரகசியப் போலீஸைத் தன்வசம் வைத்திருந்த நிதித்துறைச் செயலர் வில்லியம் மெக்கடூ கொதித்துப்போய் எதிர்ப்புத் தெரிவித்த பிறகே வாசகம் மாறியது. ஜனாதிபதி உட்ரோ வில்சனுக்கே 1917 ஜூனில் சந்தேகம் வந்து, இப்படி ஓர் அமைப்பு ஆபத்தில்லையா என்று அட்டர்னி ஜெனரல் தாமஸ் கிரெகரியிடம் கேட்டார். கேட்டதோடு சரி, கலைக்கச் சொல்லவில்லை.

இனி மௌனப்படத்துக்கு வருவோம். பேச்சு இல்லாத அந்தக் கலை உடையை வைத்துப் பிழைத்தது. ஒருவன் பணக்காரன் என்று காட்ட உயரத் தொப்பி, நாடோடி என்று காட்டத் தொளதொள கால்சட்டை, போலீஸ் என்று காட்டப் பித்தளைப் பொத்தான். ஆள் திரைக்குள் நுழைந்த அரை நொடியில் பார்வையாளருக்கு அவன் யார் என்று தெரிந்தாக வேண்டும். அப்போதுதான் உதைக்குச் சிரிப்பு வரும். கோட்டுக்கு உட்புறம் பேட்ஜைக் குத்திக்கொண்டு, உங்களைப் போலவே உடுத்திக்கொண்டு, உணவுவிடுதியில் அடுத்த மேசையில் காபி குடிக்கும் ஒருவரை இந்தக் கலை எப்படி உதைக்கும்? போர்க்காலக் காவலின் புதுமையே அது கண்ணுக்குப் படாததுதான். கண்ணுக்குப் படுவதை மட்டுமே கேலிசெய்யத் தெரிந்த கலை அதன் முன்னால் கைகட்டி நின்றது.

நின்றதோடு போயிருந்தால்கூடக் குறை சொல்ல வேண்டியதில்லை. அது ஒத்தாசையும் செய்தது. இதை விளக்க இரண்டு படங்கள் போதும். இரண்டிலும் நாயகி மேபல் நார்மண்ட்.

முதலாவது, 1913 ஏப்ரலில் வெளிவந்த ‘பேங்வில் போலீஸ்’. ஹென்றி லேர்மன் இயக்கிய, ஒரு ரீல்கூட நிறையாத துண்டுப்படம். பண்ணை வீட்டுப் பெண்ணுக்கு ஒரு கன்றுக்குட்டி வேண்டும் என்று ஆசை. வீட்டில் தனியாக இருக்கும்போது தொழுவத்தில் அந்நிய ஆட்களின் நடமாட்டம் தெரிகிறது. திருடர்கள் என்று நினைத்துத் தொலைபேசியில் போலீஸை அழைக்கிறாள். போலீஸ் தலைவர் துப்பாக்கியால் சுட்டே தன் ஆட்களைத் திரட்டுகிறார். அவர்கள் பாதி போலீஸ், பாதி ஊர் ஜனம். கையில் கிடைத்த மண்வெட்டியையும் கவைக்கோலையும் தூக்கிக்கொண்டு வயல்வெளியில் ஓடிவருகிறார்கள். தலைவரின் கார் வழியிலேயே வெடித்துப் புகைகிறது. இதற்கிடையில் வீடு திரும்பும் பெற்றோரையே மகள் திருடர்கள் என்று நினைத்துக் கதவுக்கு முட்டுக்கொடுக்கிறாள். கடைசியில் எல்லோரும் தொழுவத்துக்குள் நுழைந்து பார்த்தால், பசு கன்று ஈன்றிருக்கிறது. அவ்வளவுதான். சந்தேகம் எப்படிப் பிறக்கிறது, தொலைபேசிக் கம்பி வழியாக எப்படிப் பெருகுகிறது, ஆயுதமேந்திய கூட்டமாக எப்படி மாறுகிறது, அடியில் ஒன்றுமே இல்லாமல் எப்படிப் போகிறது என்பதை இதைவிடச் சுருக்கமாக யாரும் சொன்னதில்லை. அந்தக் கூட்டத்தில் இருப்பவர்களும் ஏறக்குறைய தொண்டர் காவலர்கள்தான் என்பதைக் கவனிக்க வேண்டும்.

இரண்டாவது, ஐந்து ஆண்டு கழித்து, 1918-ல் கோல்ட்வின் கம்பெனி எடுத்த ‘ஜோன் ஆஃப் பிளாட்ஸ்பர்க்’. நியூயார்க் மாநிலத்தின் பிளாட்ஸ்பர்க் ராணுவப் பயிற்சி முகாமுக்கு அருகே உள்ள அனாதை இல்லம் ஒன்றில் வளரும் பெண்ணாக மேபல் வருகிறார். பிரான்சின் ஜோன் ஆஃப் ஆர்க் கதையைப் படித்துப் படித்து, தனக்கும் அப்படி அசரீரி கேட்காதா என்று ஏங்குகிறாள். குரல்கள் கேட்கவும் செய்கின்றன. நிலவறையிலிருந்து வருபவை. அதே நடிகை, அதே வெகுளி முகம், அதே ‘யாரோ இருக்கிறார்கள்’ என்ற பதைப்பு. இந்தத் தடவை உள்ளே கன்றுக்குட்டி இல்லை, ஜெர்மானிய உளவாளிகள்! அவளுடைய சந்தேகம் அட்சரம் பிசகாமல் மெய்யாகிறது.

1913-ல் சந்தேகப்படுகிறவளைப் பார்த்துச் சிரித்தார்கள். 1918-ல் அவள் சந்தேகப்பட்டது சரிதான் என்று கைதட்டினார்கள். நடுவில் நடந்தது என்ன என்பதைத்தான் பாராட்டுரை எழுதுகிறவர்கள் விட்டுவிடுகிறார்கள்.

இது தனிப்படம் ஒன்றின் கோளாறு என்று ஒதுக்கவும் முடியாது. அதே 1918-ல் ஃபாக்ஸ் கம்பெனி ஜேன் லீ, கேத்ரின் லீ என்ற குழந்தை நட்சத்திரங்களை வைத்து ‘ஸ்வாட் தி ஸ்பை’ எடுத்தது. வீட்டுக்குள் புகுந்திருக்கும் ஜெர்மானிய உளவாளிகளைக் குறும்புக்காரச் சிறுமிகள் இருவர் மடக்குகிறார்கள். வீட்டு வேலைக்காரரை, சமையல்காரியை, ஆசிரியையைச் சந்தேகக் கண்ணோடு பார்க்கும்படி லீக் தன் உறுப்பினர்களிடம் என்ன சொன்னதோ, அதையே சினிமா குழந்தைகளை வைத்துச் சொல்லிக்கொண்டிருந்தது. குழந்தை சொன்னால் யார் கோபித்துக்கொள்வார்கள்?

இங்கே பாராட்டுரைக்காரர்கள் சாப்ளினை முன்னே நிறுத்துவார்கள். நிறுத்தட்டும். 1917 ஜூனில், அமெரிக்கா போரில் இறங்கிய இரண்டே மாதத்தில் வெளிவந்த ‘தி இம்மிக்ரண்ட்’ படத்தில், கப்பலில் வந்திறங்கும் ஏழைகளைக் கயிறு கட்டி மாடுபோல் நிறுத்திவைக்கும் குடியேற்ற அதிகாரியின் பின்புறத்தில் சாப்ளின் கொடுக்கும் உதை ஒரு நூற்றாண்டு கடந்தும் வலிக்கிறது. சுதந்திர தேவி சிலை தெரிந்த மறுகணம் கயிறு கட்டப்படும் அந்தக் காட்சியின் துணிச்சலை மறுப்பவர் யாரும் இல்லை. 1918 ஏப்ரலில் வந்த ‘எ டாக்ஸ் லைஃப்’ படத்திலும் வேலியடியில் உருண்டு உருண்டு போலீஸ்காரரைப் பாடாய்ப் படுத்துகிறார். ஆனால் யாரை உதைக்கிறார் என்று பாருங்கள். இருவருமே சீருடைக்காரர்கள். இருவருமே போருக்கு முன்பிருந்தே நிற்கும் பழைய இலக்குகள். புதிதாக முளைத்த இரண்டரை லட்சம் பேரில் ஒருவர்கூட அவர் கால் எட்டும் தூரத்தில் வரவில்லை.

அவரைக் குறை சொல்லி என்ன பயன் என்றும் தோன்றும். அவர் தலைக்கு மேலேயே கத்தி தொங்கியது. 1889-ல் பிறந்த சாப்ளினுக்கு அப்போது படையில் சேரும் வயது. உடல் வாட்டசாட்டமாக இருக்கிறதே, ஏன் முனைக்குப் போகவில்லை என்று பிரிட்டிஷ் பத்திரிகைகள் கிண்டின. கோழை என்று குத்திக்காட்ட வெள்ளை இறகுகள் தபாலில் வந்தன. பதிலுக்கு அவர் செய்தது ஊரறிந்த கதை. 1918 ஏப்ரலில் டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸ், மேரி பிக்ஃபோர்ட் ஆகியோரோடு போர்க்கடன் பத்திரம் விற்க நாடு சுற்றினார். வாஷிங்டனில் ஆவேசமாகப் பேசும்போது மேடையிலிருந்து சறுக்கி, நடிகை மேரி டிரெஸ்லரையும் இழுத்துக்கொண்டு, கீழே நின்ற கடற்படைத் துணைச் செயலர் ஃபிராங்க்ளின் ரூஸ்வெல்ட்டின் மேலேயே விழுந்ததாகப் பின்னாளில் சுயசரிதையில் எழுதினார். அந்த ஆண்டில் அதிகாரத்தின் மீது சாப்ளின் நேரடியாக விழுந்தது அந்த ஒரு தடவைதான். பிறகு தன் செலவிலேயே ‘தி பாண்ட்’ என்ற குறும்படம் எடுத்துக் கொடுத்தார். அதில் கடன் பத்திரத்தின் பெயர் தாங்கிய சம்மட்டியால் ஜெர்மானியப் பேரரசர் கைசரின் மண்டையில் போடுவார். உதையை எல்லை தாண்டி அனுப்பிவிட்டால் உள்ளூரில் யாருக்கும் வலிக்காது.

பயமா? பயம்தான். அதற்குக் காரணமும் இருந்தது. 1917 ஜூனில் உளவுச் சட்டமும் 1918 மே மாதம் தேசத்துரோகச் சட்டமும் வந்தன. பின்னதன்படி அரசையோ, கொடியையோ, ராணுவ, கடற்படைச் சீருடையையோ இழிவாகப் பேசினால் இருபது ஆண்டு வரை சிறை. சினிமாக்காரருக்கு இது ஏட்டுச் சுரைக்காயாக இருக்கவில்லை. ராபர்ட் கோல்ட்ஸ்டீன் என்ற தயாரிப்பாளர் ‘தி ஸ்பிரிட் ஆஃப் 76’ என்ற படத்தை எடுத்திருந்தார். அமெரிக்கச் சுதந்திரப் போரைப் பற்றிய, தேசபக்தி வழியும் படம். அதில் பிரிட்டிஷ் படையினரின் கொடுமைகளைக் காட்டியிருந்தார். சுதந்திரப் போரில் எதிரியே பிரிட்டன்தானே? ஆனால் 1917-ல் பிரிட்டன் நேச நாடாகிவிட்டது. படத்தைப் பறிமுதல் செய்து, 1918-ல் அவருக்குப் பத்து ஆண்டு சிறை விதித்தார்கள். பிறகு வில்சன் அதை மூன்றாகக் குறைத்தார். 140 ஆண்டு முந்தைய எதிரியைத் திரையில் திட்டியவனுக்கே இந்தக் கதி என்றால், வெளியே தெருவில் திரியும் தொண்டர் காவலரைக் கேலிசெய்ய யாருக்குத் துணிவு வரும்?

ஆகவே கலைஞர்கள் அடங்கிப்போனதற்குக் காரணங்கள் உண்டு. அவர்களைக் கோழை என்று ஏச வேண்டியதில்லை. ஆனால் அடங்கிப்போனவருக்குக் கலகக்காரர் பட்டம் சூட்டி மாலை போடுவது எந்த நியாயம்?

திரையரங்கையே எடுத்துக்கொள்ளுங்கள். சிரிப்பு நடந்த அந்த இடமே தொண்டர்களின் களமாக மாறிவிட்டிருந்தது. ஒரு ரீல் முடிந்து அடுத்த ரீலை மாட்டுவதற்குள் கிடைக்கும் சில நிமிடங்களில், உள்ளூர்ப் பிரமுகர் ஒருவர் மேடையேறிப் போரைப் பற்றிச் சொற்பொழிவாற்றிவிட்டு இறங்குவார். ‘நான்கு நிமிட மனிதர்கள்’ என்று பெயர். இதுவும் சிகாகோவில் தொடங்கியதே. ஜார்ஜ் கிரீல் தலைமையிலான அரசுப் பிரசாரக் குழு அதை நாடு முழுக்கப் பரப்பி, 75,000 பேச்சாளர்களைச் சேர்த்தது. மேபல் நார்மண்டுக்கும் லீ சகோதரிகளுக்கும் நடுவே அவர் நின்று, உளவாளிகள் எங்கும் இருக்கிறார்கள் என்று சொல்லிவிட்டுப் போவார். படமும் பேச்சும் ஒன்றையொன்று மறுக்காதபோது, அடுத்த ரீலுக்குச் சிரிப்பவர் யாரைப் பார்த்துச் சிரிக்கிறார்?

1918 செப்டம்பர் 3-ஆம் தேதி காலை நியூயார்க்கில் நடந்தது இதன் உச்சம். படையில் சேராமல் டிமிக்கி கொடுப்பவர்களைப் பிடிக்கிறோம் என்று லீக் தொண்டர்களும் புலனாய்வு அதிகாரிகளும், அவர்களுக்குத் துணையாகத் துப்பாக்கி ஏந்திய சிப்பாய்களும் மாலுமிகளும் நகரத்தின் முக்குகளை அடைத்தார்கள். ரயில் நிலைய வாசல், படகுத்துறை, சுரங்க ரயில் படிக்கட்டு, உணவுவிடுதி, நாடகக் கொட்டகை என்று எங்கெல்லாம் ஆண்கள் கூடுவார்களோ அங்கெல்லாம் ஆள். 21 முதல் 31 வயதுக்குள் இருப்பவராகத் தெரிந்தால் பதிவு அட்டை எங்கே என்ற கேள்வி. அன்றைக்கு அட்டையைச் சட்டைப் பையில் வைக்க மறந்தவர் போச்சு. மனைவியோ தாயோ முதலாளியோ வீட்டிலிருந்து அட்டையைத் தேடி எடுத்துக்கொண்டு வந்து காட்டும்வரை, மணிக்கணக்கில், சிலர் இரவு முழுக்க, ராணுவக் கொட்டடியில் காத்துக்கிடந்தார்கள். மூன்று நாளில் பிடிபட்டவர்கள் பல்லாயிரம் பேர். அவர்களில் உண்மையாகவே டிமிக்கி கொடுத்தவர்கள் மிகச் சொற்பம்.

கீஸ்டோன் படத்துக்கு இதைவிட நல்ல கதை கிடைக்குமா? துரத்தல் இருக்கிறது, ஆள்மாறாட்டம் இருக்கிறது, தவறான ஆளைப் பிடிப்பது இருக்கிறது, அட்டை தேடி ஓடிவரும் மாமியார்கூட இருந்திருப்பார். எடுத்தவர் யார்? சாப்ளின், கீட்டன், லாய்ட், ஆர்பக்கிள் என்று நால்வரின் பேர்பெற்ற படங்களைப் புரட்டிப் பார்த்தாலும் அந்தச் செப்டம்பர் தட்டுப்படாது. கேள்வி கேட்டது செனட் சபை. நியூயார்க் செனட்டர் வில்லியம் கால்டர் முதலானோர் அவையில் கொதித்தெழுந்தார்கள். வில்சன் அறிக்கை கேட்டார். படையினரையும் லீக் ஆட்களையும் கைதுக்குப் பயன்படுத்தியது சட்டத்துக்கும் தன் உத்தரவுக்கும் விரோதம் என்று கிரெகரி ஒப்புக்கொள்ள வேண்டிவந்தது. அதிகாரத்தை உதைக்கும் வேலையை அந்த வாரம் கோமாளிகள் செய்யவில்லை, கோட்டு போட்ட அரசியல்வாதிகள் செய்தார்கள். சினிமா வரலாற்றில் இதற்கு ஒரு வரி இடம் கிடைத்திருக்கலாம்.

கடைசியாக ஒரு சமாதானம் மிச்சமிருக்கிறது. தொண்டர் காவலர்கள் உண்மையிலேயே அசட்டு மனிதர்கள்தானே, ஓர் உளவாளியைக்கூட அவர்கள் பிடித்ததில்லை என்று வரலாற்றாசிரியர்களே சொல்கிறார்களே, அவர்களைத் தனியாகக் கேலிசெய்ய என்ன இருக்கிறது என்பது அது. அசடு என்றால் ஆபத்தில்லை என்று நமக்குச் சொல்லிக் கொடுத்ததே இந்த நகைச்சுவைதான். பிடிபட வேண்டியவர் பிடிபடவில்லை என்பது மெய். பிடிபடக் கூடாதவர் ஆயிரக்கணக்கில் பிடிபட்டதும் மெய். அரிசோனா மாநிலத்தின் பிஸ்பீ சுரங்க நகரத்தில் 1917 ஜூலை 12-ஆம் தேதி விடியற்காலை, ஷெரிஃப் ஹாரி வீலர் ஏறத்தாழ 2,000 ஊர்க்காரர்களைத் தற்காலிகக் காவலர்களாக்கிக் கையில் வெள்ளைத் துணி கட்டி இறக்கினார். வேலைநிறுத்தம் செய்த தொழிலாளிகளும் அவர்களுக்குப் பரிந்து பேசியவர்களுமாக ஏறத்தாழ 1,200 பேரை வீடு புகுந்து இழுத்துவந்து, மாடு ஏற்றும் ரயில் பெட்டிகளில் அடைத்து, நியூ மெக்சிகோ பாலைவனத்தில் கொண்டுபோய் இறக்கினார்கள். அன்று காலை இருவர் உயிர் போனது. மளிகைக் கடைக்காரரும் குமாஸ்தாவும்கூடத் துப்பாக்கியோடு வந்த கூட்டம் அது. அவர்களும் பயிற்சியற்ற அசடுகள்தான். அதற்காக எவரும் தண்டனை பெறவில்லை.

போருக்குப் பிந்தைய படங்களைக் காட்டியும் சிலர் வாதிடுவார்கள். 1922-ல் கீட்டன் எடுத்த ‘காப்ஸ்’ அவர்களின் துருப்புச் சீட்டு. போலீஸ் அணிவகுப்புக்குள் வண்டியோடு மாட்டிக்கொள்ளும் அப்பாவியின் பக்கத்தில் யாரோ எறிந்த வெடிகுண்டு வந்து விழ, அவன் அதன் திரியிலேயே சிகரெட் பற்றவைத்துவிட்டுத் தூக்கிப் போடுகிறான். 1918-ல் சிப்பாயாகப் பிரான்சுக்குப் போய்வந்தவர் கீட்டன். கையில் அளவுகோல் வைத்து வெட்டியதுபோன்ற படம். ஆனால் அதைப் போர்க்காலத் துணிவுக்குச் சாட்சியாக அழைப்பவர்கள் தேதியைப் பார்க்க வேண்டும், ஊர்வலத்தில் வருபவர்களின் உடையையும் பார்க்க வேண்டும். நூற்றுக்கணக்கான காவலர்கள், அத்தனை பேரும் முழுச் சீருடையில். லீக்கைப் பொறுத்தவரை, 1919 பிப்ரவரி 1-ஆம் தேதியோடு அது கலைக்கப்பட்டது. அதன் கதையைச் சொன்ன முதல் பெரிய நூல் அதே ஆண்டில் வந்தது: நாவலாசிரியர் எமர்சன் ஹஃப் எழுதிய ‘தி வெப்’. லீக்கின் தேசிய இயக்குநர்களே அனுமதி கொடுத்து எழுதவைத்த, பக்கத்துக்குப் பக்கம் மெச்சுதலோடு கூடிய தடித்த புத்தகம் அது.